விழுந்து விழுந்து சிரித்தோம்!

'விழுந்து விழுந்து சிரித்தேன்' என்கிறோம் இல்லையா? கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். சிரிக்கிறவன் எங்கே விழுகிறான்? அவன் பாட்டுக்கு நாற்காலியில் சாய்ந்து, முறுக்கைக் கடித்தபடி சௌகரியமாகத்தான் இருக்கிறான். விழுகிறவன் வேறு ஆள்! மாடிப்படியில் உருள்பவன், வாழைப்பழத் தோலில் வழுக்குபவன், ஏணியோடு சேர்ந்து சரிபவன்...

அடுத்தவன் விழுந்தால் நமக்கு ஏன் சிரிப்பு வருகிறது? இதற்குப் பதில் தேடித் தத்துவ மேதைகள் தலையணை சைஸில் புத்தகங்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். நாம் அந்தப் பக்கம் போகவேண்டாம். நான் கேட்க நினைப்பது ரொம்பச் சின்னக் கேள்வி. நம்மைச் சிரிக்கவைக்க விழுந்தாரே, அந்த மனிதருக்கு வலித்ததா, இல்லையா?

இந்த அடி, உதை, சறுக்கல் காமெடிக்கு 'ஸ்லாப்ஸ்டிக்' என்று பெயர். அது நிஜமாகவே ஒரு குச்சியின் பெயர் என்பது தெரியுமா?

பதினாறாம் நூற்றாண்டு இத்தாலிக்குப் போவோம். சந்தைத் திடலில் பலகை மேடை. முகமூடி போட்ட நடிகர்கள். 'கொமேடியா டெல் ஆர்ட்டே' என்கிற அந்த நாடகங்களில் ஆர்லெக்கினோ என்று ஒரு குறும்புக்கார வேலைக்காரன் வருவான். கையில் எப்போதும் ஒரு கட்டை. 'பட்டாக்கியோ' என்பார்கள். பார்க்க ஒரே கட்டை மாதிரி இருக்கும். உண்மையில் அது இரண்டு மெல்லிய மரப்பட்டைகள். பிடிக்கிற இடத்தில் மட்டும் சேர்த்துக் கட்டி, மற்றபடி நடுவில் கொஞ்சம் இடைவெளி. அதால் யார் முதுகிலாவது தட்டினால், பட்டைகள் ஒன்றோடொன்று மோதி 'பளார்' என்று ஒரு சத்தம்! கூட்டம் 'ஐயோ' என்று அலறிவிட்டு, அடுத்த நொடி சிரிக்கும். அடி வாங்கினவருக்கோ கொசு உட்கார்ந்த மாதிரிதான் இருக்கும்.

சத்தம் பெரிசு, வலி சிறிசு. முந்நூறு வருஷத்துக்கும் மேலாக மேடைக் காமெடியைக் காப்பாற்றிய ஃபார்முலா இதுதான். பிற்பாடு ஆங்கிலக்காரர்கள் அந்தக் கட்டைக்கு வைத்த பெயர்தான் ஸ்லாப்ஸ்டிக்.

பிறகு சினிமா வந்தது. கட்டைக்கு வேலை போனது!

1895, டிசம்பர் 28. பாரீஸில் 'கிராண்ட் கஃபே' என்ற ஓட்டலின் கீழ்த்தளத்தில், லூமியர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு பொதுமக்களுக்குப் படம் காட்டினார்கள். அன்றைக்குக் காட்டிய துண்டுப் படங்களில் ஒன்று ஒரு தோட்டக்காரரைப் பற்றியது. முழுசாக ஒரு நிமிஷம்கூட ஓடாது. அவர் ரப்பர் குழாயைப் பிடித்துச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றுகிறார். பின்னாலிருந்து ஒரு பையன் வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுபோகிறது. 'என்னாச்சு?' என்று இவர் குழாய்க்குள் எட்டிப்பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். முகத்தில் 'புஸ்ஸ்'!

உலகின் முதல் காமெடிப் படம் என்று சினிமா வரலாறு எழுதுபவர்கள் பெரும்பாலும் குறிப்பிடுவது இதைத்தான். அதில் ஒரு வேடிக்கை. தோட்டக்காரர் துரத்தியதும் பையன் ஓடுகிறான், ஓடுகிறான்... ஓடினால் படச்சட்டத்தை விட்டே வெளியே போய்விடுவான். அந்தக் காலத்துக் கேமரா அசையாதே! தோட்டக்காரர் அவனைப் பிடித்துக் கேமரா முன்னால் இழுத்துவந்து, ஆற அமர நாலு சாத்து சாத்துகிறார். நாம் பார்க்கவேண்டுமாம்!

கவனியுங்கள், அந்த அடிக்குச் சத்தம் கிடையாது. தியேட்டரில் பியானோக்காரரும் டிரம்ஸ்காரரும் உட்கார்ந்து ஏதோ தட்டிச் சமாளித்தார்கள்தான். ஆனால் நடிகரின் கையில் இருந்த 'பளார்' போய்விட்டது. சத்தத்தை வைத்து ஏமாற்ற முடியாது. மிச்சம் இருப்பது உடம்பு ஒன்றுதான். 'விழுந்தேன்' என்று நம்பவைக்க வேண்டுமென்றால்... விழுந்தாக வேண்டும்!

அடுத்த பத்துப் பதினைந்து வருஷங்களில் விழுவது ஒரு தொழிலாகவே வளர்ந்தது. பிரான்ஸில் பதே கம்பெனியின் நட்சத்திரம் மாக்ஸ் லிண்டர். பட்டுத் தொப்பி, கோட்டு, கைத்தடி என்று மாப்பிள்ளை மாதிரி வருவார். 1907-ல் வந்த ஒரு குட்டிப் படத்தில், அதே உடுப்போடு பனிச்சறுக்கு பழகப் போய்ப் பனியில் புரளுவார். ஏழை விழுந்தால் பாவம், கனவான் விழுந்தால் காமெடி என்பது அவருக்குத் தெரிந்திருந்தது.

இதைச் சார்லி சாப்ளின் இன்னும் தெளிவாகச் சொன்னார். 1917-ல் வெளியான 'தி அட்வெஞ்சரர்' படத்தில், மாடியில் நிற்கும் சாப்ளினின் ஐஸ்க்ரீம் நழுவி, கீழே உட்கார்ந்திருக்கும் ஒரு பணக்காரச் சீமாட்டியின் முதுகுக்குள் இறங்கும். அடுத்த வருஷம் ஒரு பத்திரிகைக் கட்டுரையில் அந்தக் காட்சியை அவரே அலசினார். அந்த ஐஸ்க்ரீம், வீடு துடைக்கும் ஓர் ஏழைப் பெண்மணி மேல் விழுந்திருந்தால் யாரும் சிரித்திருக்க மாட்டார்கள், பரிதாபப்பட்டிருப்பார்கள் என்பது அவர் கணக்கு.

அமெரிக்காவில் இந்தச் சரக்கை மொத்த வியாபாரமாக்கியவர் மாக் சென்னட். 1912-ல் அவர் ஆரம்பித்த 'கீஸ்டோன்' கம்பெனி, லாஸ் ஏஞ்சல்ஸில் இருந்தபடி வாராவாரம் குட்டிப் படங்களாகச் சுட்டுத் தள்ளியது. ஒரு வண்டி நிறைய போலீஸ்காரர்கள், அதன் பின்னால் நாய், எதிரே ரயில்... இதெல்லாம் கீஸ்டோன் சமாசாரம். சாப்ளின் சினிமாவில் அடியெடுத்து வைத்ததே அங்கேதான், வாரம் 150 டாலர் சம்பளத்தில். இரண்டே வருஷத்தில், 1916-ல் 'மியூச்சுவல்' கம்பெனி அவருக்குக் கொடுத்தது வாரம் 10,000 டாலர்! சிரிப்புக்கு அவ்வளவு கிராக்கி.

சென்னட் புத்திசாலி. விழாமலே விழுந்த மாதிரி காட்டச் சில வழிகளை அவரது ஆட்கள் கையாண்டார்கள். அப்போது கேமராவைக் கையால்தான் சுற்றவேண்டும். கொஞ்சம் மெதுவாகச் சுற்றிப் படமெடுத்து, தியேட்டரில் வழக்கமான வேகத்தில் ஓட்டினால், மாட்டுவண்டி வேகத்தில் போன காரும் ராக்கெட் மாதிரி பறக்கும். யாருக்கும் அடிபடாது!

இன்னொரு வழி, கஸ்டர்ட் பை (கையில் மாட்டுகிற பை இல்லை, தின்கிற பண்டம்!). 1909-ல் வந்த 'மிஸ்டர் ஃப்ளிப்' படத்திலேயே பென் டர்ப்பின் முகத்தில் அது அப்பப்பட்டது. கீஸ்டோனில் மேபல் நார்மண்டும் ரோஸ்கோ ஆர்பக்கிளும் ஒருவர் மேல் ஒருவர் வீசிக்கொண்டார்கள். 1927-ல் லாரல் - ஹார்டி ஜோடியின் 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி' படத்தில் ஒரு தெருவே பை யுத்தத்தில் இறங்கியது. மூவாயிரம் பைகள் பறந்தன என்று ஒரு கணக்கு சொல்வார்கள். யோசித்தால், இந்தப் பையும் பழைய கட்டையும் ஒன்றுதான். பார்க்க அசிங்கம், பட்டால் வலிக்காது.

இப்படிப் பாதுகாப்பான வழிகள் இருந்தும் அவற்றைத் தொடப் பிடிவாதமாக மறுத்தவர் ஒருவர் உண்டு. பஸ்டர் கீட்டன்.

பாரீஸில் லூமியர் படம் காட்டுவதற்குச் சுமார் மூன்று மாதம் முன்பு, 1895 அக்டோபர் 4-ம் தேதி, அமெரிக்காவில் கான்ஸாஸ் மாநிலத்துக் குக்கிராமம் ஒன்றில் பிறந்தவர். அப்பா ஜோ, அம்மா மைரா இருவரும் மேடைக் கலைஞர்கள். ஊர் ஊராகப் போய், பாட்டு, ஆட்டம், மேஜிக் என்று கலந்துகட்டி நடத்தும் 'வாட்வில்' நிகழ்ச்சிகள்தான் பிழைப்பு.

பையனுக்கு ஐந்து வயது ஆவதற்குள் அவனும் மேடையேறிவிட்டான். காட்சி என்ன தெரியுமா? அடங்காத மகன், அடக்க முயலும் அப்பா. மகன் குறும்பு செய்வான். அப்பா அவனைத் தூக்கி மேடையின் அந்தக் கோடிக்கு எறிவார். திரைச்சீலை மேல் வீசுவார். சில சமயம் கீழே வாத்தியக்காரர்கள் உட்கார்ந்திருக்கும் பள்ளத்துக்குள்! காலைப் பிடித்துத் தரையைத் துடைப்பார், மாப்பு போடுகிற மாதிரி. எறிவதற்கு வாகாக, பையனின் சட்டை முதுகில் சூட்கேஸ் கைப்பிடி ஒன்றைத் தைத்து வைத்திருந்தார்கள். நம்புங்கள், இது நடந்தது. விளம்பரத்தில் அவனுக்குக் கொடுத்த பட்டம் - 'சேதப்படுத்த முடியாத சின்னப் பையன்'!

ஒரு தடவை அம்மா மைரா சாக்ஸஃபோன் வாசிக்கும்போது, முன்வரிசையில் சில கல்லூரி மாணவர்கள் கிண்டல் செய்தார்களாம். ஜோவுக்குக் கோபம் வந்துவிட்டது. பக்கத்தில் எறிவதற்கு ஏதும் இல்லை... மகன் இருந்தான். அவனைத் தூக்கி அவர்கள் மேல் எறிந்துவிட்டார்! பின்னாளில் கீட்டனே சிரித்துக்கொண்டு சொன்ன கதை இது. கேட்கிற நமக்குச் சிரிப்பு வருகிறதா, வயிற்றைப் பிசைகிறதா என்று சரியாகத் தெரியவில்லை.

அன்றைக்கும் சிலருக்கு வயிற்றைப் பிசைந்தது. நியூயார்க்கில் குழந்தைகள் வதைத் தடுப்புச் சங்கம் ஒன்று இருந்தது. கீட்டன் குடும்பத்தை அது விடாமல் துரத்தியது. அதிகாரிகள் முன்னால் சட்டையைக் கழற்றிக் காயம் இருக்கிறதா என்று பரிசோதித்தார்கள் என்றும், ஒன்றும் அகப்படவில்லை என்றும் கீட்டன் சொல்லியிருக்கிறார். சட்டத்திலும் ஓட்டை. குழந்தைகள் கம்பி மேல் நடக்கக்கூடாது, அந்தரத்தில் தொங்கக்கூடாது என்றெல்லாம் இருந்ததாம். அப்பா மகனைத் தூக்கி எறியக்கூடாது என்று எழுத யாருக்கும் தோன்றவில்லை!

காயம் ஏன் இல்லை? அங்கேதான் விஷயம். மாடியிலிருந்து பூனை விழுந்து பார்த்திருப்பீர்கள். அது உடம்பை விறைத்துக்கொள்ளாது. பையன் கீட்டன் கற்றுக்கொண்டதும் அதைத்தான். விழும்போது உடம்பைத் துணி மாதிரி தளர விடணும். கையையோ காலையோ முதலில் ஊன்றி வேகத்தை உடைக்கணும். பிறகு உருண்டுவிடணும். நாம் அ, ஆ எழுதப் பழகும் வயசில் அவன் விழப் பழகினான்.

இன்னொரு பாடத்தையும் படித்தான். விழுந்து எழுந்து அவன் சிரித்தால், ஜனங்கள் சிரிப்பதில்லை. முகத்தில் ஓர் அசைவும் இல்லாமல் நின்றால், அரங்கம் அதிர்கிறது! பையன் சிரித்துவிட்டால் அப்பா மேடையிலேயே பல்லைக் கடித்தபடி அதட்டுவாராம். பிற்காலத்தில் உலகம் 'கல்முகம்' என்று கொண்டாடிய முகம், ஒரு குழந்தை சிரிப்பை அடக்கிப் பழகியதால் வந்தது.

அப்பா கொடுமைக்காரரா? கீட்டன் கடைசிவரை அப்படிச் சொன்னதில்லை. ஆனால் இந்த வித்தையில் எறிகிறவர் நிதானமாக இருந்தாக வேண்டும். நொடி பிசகினால் எலும்பு போய்விடும். வருஷங்கள் ஓட ஓட, ஜோ குடிக்கு அடிமையானார். இனிமேல் நம்பி உடம்பைக் கொடுக்க முடியாது என்ற நிலை. 1917-ன் தொடக்கத்தில் அம்மாவும் மகனும் அவரை விட்டுப் பிரிந்தார்கள். பஸ்டருக்கு அப்போது 21 வயது.

அடுத்து நடந்தது சுவாரஸ்யம். நியூயார்க்கில் பெரிய மேடை நிகழ்ச்சி ஒன்றில் வாரம் 250 டாலருக்கு வேலை தயாராக இருந்தது. அதற்குள் தற்செயலாக ஆர்பக்கிளைச் சந்தித்து, அவர் படம் எடுக்கும் ஸ்டூடியோவுக்குப் போனார். அங்கே கேமராவைப் பார்த்ததும் ஆள் விழுந்துவிட்டார் (இந்த முறை காதலில்!). அதன் வயிற்றுக்குள் என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்க்காமல் விடவில்லை. மேடை ஒப்பந்தத்தைக் கைகழுவிவிட்டு, வாரம் 40 டாலருக்குச் சினிமாவில் சேர்ந்தார்.

முதல் படம் 'தி புச்சர் பாய்'. கீட்டன் வாங்கிய முதல் அடி ஒரு மாவு மூட்டை! மூட்டை வருவது தெரிந்தால் உடம்பு தானாகப் பதுங்கும், அது படத்தில் தெரிந்துவிடும். அதனால் ஆர்பக்கிள், 'வேறு பக்கம் பார். நான் 'திரும்பு' என்றதும் திரும்பு. மூட்டை அங்கே இருக்கும்' என்றாராம். திரும்பினார். இருந்தது! ஆர்பக்கிள் சுமார் 130 கிலோ ஆசாமி. அந்தக் கை எறிந்த மூட்டை, கீட்டனைக் காலோடு தூக்கிக் கவிழ்த்துவிட்டது. பயிற்சியெல்லாம் பதினாறு பதினேழு வருஷமாக அப்பாவிடம் ஆயிற்றே, எழுந்துவிட்டார்.

1920-ல் சொந்தமாகப் படம் எடுக்க ஆரம்பித்தார். செப்டம்பரில் வந்தது 'ஒன் வீக்'. இரண்டே ரீல். புதுமணத் தம்பதிக்குப் பரிசாக ஒரு வீடு வருகிறது, பாகம் பாகமாகப் பெட்டிகளில். நம்பர் பார்த்துப் பொருத்திக்கொள்ள வேண்டியதுதான். காதலில் தோற்ற வில்லன் நம்பர்களை மாற்றி எழுதிவிடுகிறான். வீடு எப்படி இருக்கும்? கதவு மாடியில் தொங்குகிறது, சுவர் கோணிக்கொண்டு நிற்கிறது. புயலில் வீடே பம்பரமாகச் சுற்றுகிறது. அத்தனையும் நிஜம்! சுழலும் மேடை மேல் நிஜ சைஸில் வீட்டைக் கட்டிச் சுற்றவிட்டார்கள்.

கடைசியில், தப்பான மனையில் கட்டிவிட்டது தெரிந்து வீட்டை இழுத்துப் போகிறார்கள். தண்டவாளத்தின் நடுவே சிக்கிக்கொள்கிறது. ரயில் வருகிறது! கணவனும் மனைவியும் கண்ணை மூடிக்கொள்ள, ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. 'அப்பாடா' என்று மூச்சு விடும்போது, எதிர்த் திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைச் சுக்குநூறாக்குகிறது. பொம்மை ரயில் கிடையாது, பொம்மை வீடும் கிடையாது.

கீட்டனின் கொள்கை ஒன்றுதான். ஆபத்தான காட்சியை 'கட்' இல்லாமல், தலை முதல் கால் வரை தெரிகிற மாதிரி ஒரே ஷாட்டில் காட்டணும். நடுவில் வெட்டி ஒட்டினால், 'ஏதோ பித்தலாட்டம்' என்று ஜனங்கள் சிரிப்பை நிறுத்திவிடுவார்கள். பளார் சத்தத்துக்குப் பதிலாக அவர் கண்டுபிடித்தது இந்த நேர்மையைத்தான்.

நேர்மைக்கு விலை உண்டே! 1921-ல் 'தி எலெக்ட்ரிக் ஹவுஸ்' படப்பிடிப்பில், தானாக நகரும் மாடிப்படியில் ஷூ சிக்கிக் கணுக்கால் முறிந்தது. படம் பாதியில் நின்றது. விழ முடியாத கீட்டன் என்ன செய்வார்? 'தி பிளேஹவுஸ்' என்று ஒரு படம் எடுத்தார். அதில் வாத்தியக்காரர், நடிகர், டிக்கெட் வாங்கிய கிழவி, குழந்தை எல்லாமே கீட்டன்! ஒரே காட்சியில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக நிற்பார்கள். கேமரா கண்ணை ஒன்பது துண்டுகளாக மறைத்து, ஃபிலிமைத் திரும்பத் திரும்பப் பின்னால் சுற்றி, ஒவ்வொரு துண்டாக எடுத்தார்கள். கையால் சுற்றும் கேமராவில் ஒரு சுற்று வேகம் மாறினாலும் மொத்தமும் காலி. ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லிக்கு ஒரு சலாம்!

'வேண்டாத ரிஸ்க் எடுத்த கீட்டனுக்கு அடிபட்டது, சரி... மற்றவர்கள்?' என்கிறீர்களா? வட்டக் கண்ணாடி போட்ட ஹரால்ட் லாயிடைப் பாருங்கள். 1919 ஆகஸ்ட். விளம்பரத்துக்கு ஒரு போட்டோ. கையில் பொம்மை வெடிகுண்டு, அதன் திரியில் சிகரெட் பற்றவைப்பது போல் போஸ். அந்தக் குண்டு பொம்மை இல்லை! வெடித்ததில் வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போய்விட்டன. சில காலம் கண்ணும் தெரியவில்லை. அதன் பிறகு நடித்த படங்களில் செயற்கை விரல்கள் வைத்த கையுறை மாட்டிக்கொண்டார். உயரமான கட்டடத்தின் கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குவாரே, 1923-ல் வந்த 'சேஃப்டி லாஸ்ட்', அது இந்தக் கையோடுதான்.

கடைசியாக, ஒரு சுவரின் கதை.

1919-ல் ஆர்பக்கிளோடு நடித்த 'பேக் ஸ்டேஜ்' படத்தில், நாடகத்துக்காகச் செய்த வீட்டின் முகப்பு ஆர்பக்கிள் மேல் விழும். நடுவில் ஜன்னல் இருப்பதால் அவர் அப்படியே நிற்பார். விழுந்தது லேசான நாடகத் தட்டி. பெரிய ஆபத்தில்லை. மறுவருஷம் 'ஒன் வீக்'கில் அதே வேடிக்கையைக் கீட்டன் தன் மேலேயே செய்து பார்த்தார். 1928-ல், 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' என்ற முழுநீளப் படத்தில் மூன்றாவது முறை. இந்தத் தடவை இரண்டு டன் எடையுள்ள சுவர்! ஜன்னலுக்கும் அவர் உடம்புக்கும் சில அங்குலம்தான் இடைவெளி. ஓர் அடி தள்ளி நின்றிருந்தால் கதை முடிந்தது. படப்பிடிப்புக் குழுவில் பலர் பார்க்கத் துணிவில்லாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள் என்பார்கள். சுவர் விழுந்தது. கீட்டன் நின்றார். முகத்தில் அதே கல்!

1930-களில் ஒரு சாதாரண மருத்துவப் பரிசோதனை. எக்ஸ்-ரேயைப் பார்த்த டாக்டர், 'உங்கள் கழுத்து எப்போது முறிந்தது?' என்று கேட்க, கீட்டன் முழித்தார். யோசித்தபோதுதான் பிடிபட்டது. 1924-ல் 'ஷெர்லாக் ஜூனியர்' படத்துக்காக, ரயில் இன்ஜினுக்கு நீர் நிரப்பும் தொட்டிக் குழாயில் தொங்கினார். எதிர்பாராத வேகத்தில் கொட்டிய தண்ணீர் அவரைத் தள்ளிவிட, பின்னங்கழுத்து தண்டவாளத்தில் மோதியது. சில நாள் தலைவலி. அவ்வளவுதான் என்று நினைத்து வேலையைத் தொடர்ந்திருக்கிறார். முறிந்த எலும்பு தானாகக் கூடிவிட்டிருந்தது. அந்த விழுகை இன்றைக்கும் படத்தில் இருக்கிறது. நாம் பார்க்கிறோம். சிரிக்கிறோம்.

ஆரம்பத்தில் கேட்டோமே, வலித்ததா என்று... பதில் அந்த எக்ஸ்-ரேயில் இருந்தது.

அதற்காக இனிமேல் சிரிக்கக்கூடாதா? தாராளமாகச் சிரியுங்கள். 'சிரிக்காதீர்கள்' என்றால் கீட்டனுக்கே கோபம் வந்துவிடும். சிரிப்புக்காகத்தானே இவ்வளவும்! அந்தப் பழைய இத்தாலியக் கட்டையை மட்டும் கொஞ்சம் நினைத்துக்கொள்ளுங்கள். அதில் இரண்டு பட்டைகள். ஒன்று போய் மோதும். இன்னொன்று சேர்ந்து சத்தம் போடும். ஊமைப்படத்திலும் இரண்டு பட்டைகள் இருக்கத்தான் செய்தன. திரையில் மோதியது அவர்.

சத்தம் போட்டது, விழுந்து விழுந்து சிரித்த நாம்!